சந்தில் நின்ற இரும்புப் படி

முன்வீட்டு அங்கிளை நான் மன்னிக்கவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. ஏனென்றால் எங்கள் சபையில் பாதிப் பேர், நான் மன்னித்துவிட்டுப் பிறகு புத்தி மாறிவிட்டேன் என்று இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். புத்தி மாறவே இல்லை. வயதானால் மனசு இளகும் என்பார்கள். எனக்குப் பல்தான் ஆடுகிறது.

லிங்கராஜபுரத்தில் எங்கள் வீடு பின்னால் இருந்தது. அங்கிளின் வீடு முன்னால், தெருவைப் பார்த்து. ஒரே ஆளிடமிருந்து வாங்கிய நிலம். அந்த ஆள் அதை இரண்டு சைட்டாகப் பிரித்து விற்றிருந்தார். முன்வீட்டுச் சுவரை ஒட்டி ஐந்தடி அகலத்தில் ஒரு சந்து தெருவிலிருந்து எங்கள் வாசல் வரை வரும். எங்களுக்குப் போக வர அது ஒன்றுதான். மற்ற மூன்று பக்கமும் அடுத்தவர் சுவர். அங்கிளுக்கும் அந்தச் சந்தில் ஒரு பக்கக் கதவு உண்டு. இரண்டு வீட்டுக்கும் பொது என்றுதான் அப்பா எப்போதும் சொல்வார்.

கன்னட ஊரில் இரண்டு குடும்பமும் ஒரே தமிழ்ச் சபை. அங்கிள் கமிட்டியில் இருந்தார். வெள்ளைச் சட்டை, பாக்கெட்டில் இரண்டு பேனா, கட்டை மீசை. காணிக்கைத் தட்டு எடுப்பதிலிருந்து கல்யாணத்தில் பந்தி விசாரிப்பது வரை அவர் இல்லாமல் ஒன்றும் நடக்காது. என் அப்பா அதற்கு நேர்மாறு. தொழிற்சாலையில் ஃபிட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். நாலு பேர் நடுவில் வாயைத் திறக்க மாட்டார். யார் எதைக் கேட்டாலும் தலையாட்டிவிட்டு, வீட்டுக்கு வந்து அதற்காக வருத்தப்படுவார்.

1991இல் அங்கிள் மாடியில் ஒரு போர்ஷன் கட்டினார். அப்போதுதான் வெளியூர் ஆட்கள் வாடகை வீடு தேடி எங்கள் பக்கம் வர ஆரம்பித்திருந்தார்கள். மாடிக்குப் படி வேண்டும். வீட்டுக்குள் படி வைத்தால் ஓர் அறை போய்விடும். எனவே ஒரு நாள் காலையில் வெல்டிங்காரர்கள் வந்து, சந்தில் ஓர் இரும்புப் படியை நட்டு, முன்வீட்டுச் சுவரோடு சேர்த்துப் பற்ற வைத்தார்கள். நான் வேலைக்குப் புறப்பட்டு வந்தபோது பாதிச் சந்து காணாமல் போயிருந்தது.

“என்ன அங்கிள் இது?” என்றேன்.

“டெம்பரரிம்மா. படி மூணடிதான். உங்களுக்கு ரெண்டடி இருக்குதே, மனுஷன் போகப் போதாதா? நீங்க எல்லாம் ஒல்லிதானே!” என்று சிரித்தார்.

அப்பா எனக்குப் பின்னால் நின்றார். “பரவால்ல பிரதர், கொஞ்ச நாளைக்குத்தானே” என்றார். அன்றைக்கு அப்பாவின் மேல் எனக்கு வந்த கோபம் அங்கிளின் மேல் வந்ததைவிட அதிகம்.

கொஞ்ச நாள் என்பது எப்போதும் இன்னும் கொஞ்ச நாளாகவே இருந்தது. மழைக்காலம் முடியட்டும் என்றார், குடித்தனக்காரர் காலி செய்யட்டும் என்றார், மகள் பிரசவத்துக்கு வந்திருக்கிறாள் என்றார். நாங்கள் பக்கவாட்டில் நடக்கப் பழகினோம். கேஸ் சிலிண்டரைத் தெருவிலேயே வைத்துவிட்டுப் போனான் டெலிவரிக்காரன். அம்மாவும் நானும் உருட்டிக்கொண்டு வருவோம். சைக்கிளைத் தெருவில் பூட்டி வைத்தோம், திருடு போயிற்று. கோர்ட்டுக்குப் போகலாம் என்று நான் சொல்லும்போதெல்லாம் அப்பா, “விசுவாசி மேல விசுவாசி கேஸு போடக் கூடாதும்மா. சபையில என்ன சொல்லுவாங்க?” என்பார். ஜெபம் பண்ணுவார். ஜெபத்துக்கு இரும்பு அசையவில்லை.

இரண்டு வருடம் கழித்து அப்பா ஒரு காலையில் காபி குடித்துக்கொண்டிருந்தவர் அப்படியே சாய்ந்தார்.

மதியம் சவப்பெட்டி வந்தது. எங்கள் வழக்கத்தில் பெட்டியைக் கூடத்தில் வைத்து, சுற்றி உட்கார்ந்து பாடி, ஜெபித்து, வீட்டிலிருந்து பெட்டியோடுதான் எடுப்பார்கள். சந்தின் வாயில் பெட்டி நின்றுவிட்டது. நேராக வைத்துப் பார்த்தார்கள், சாய்த்துப் பார்த்தார்கள். காலிப் பெட்டியைச் செங்குத்தாக உள்ளே கொண்டுவந்தாலும் ஆளோடு எப்படி வெளியே எடுப்பது? “சுவர் ஏறி அந்தப் பக்கமா இறக்கலாமா?” என்று ஒருவர் கேட்டார். என் சித்தப்பா மகன், “நாற்காலியில உட்கார வெச்சித் தூக்கிடலாம்கா” என்றான்.

அப்படித்தான் தூக்கினோம். சாப்பாட்டு மேஜை நாற்காலியில் அப்பாவை உட்கார வைத்து, சரியாமல் இருக்க அம்மாவின் பழைய புடவையால் மார்பைச் சுற்றி நாற்காலியோடு கட்டினார்கள். கோட்டுப் போட்டிருந்தார். முன்னால் ஒருவர், பின்னால் ஒருவர், இருவரும் பக்கவாட்டில் நகர்ந்தார்கள். அப்பாவின் தலை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆடியது. வலது கை நழுவி வெளியே தொங்கி, அந்த இரும்புப் படியின் ஒவ்வொரு கம்பியிலும் இடித்துக்கொண்டே போயிற்று. மாடிக் குடித்தனக்காரர்கள் படியின் மேல் நின்று வேடிக்கை பார்த்தார்கள். ஆராதனை தெருவில் நடந்தது. ஆட்டோக்கள் ஹாரன் அடித்தன.

அங்கிள் தலைமாட்டில் நின்று ஜெபம் பண்ணினார். “இந்தப் பிரதர் எதையும் தனக்குன்னு கேட்காத மனுஷன் ஆண்டவரே” என்று உருக்கமாகச் சொன்னார். சுற்றி நின்றவர்கள் ஆமென் என்றார்கள். நான் சொல்லவில்லை. இந்த ஆள் ஒரு நாள் சபை முன்னால் நின்று, அந்தச் சந்து எங்களுக்கும் பாத்தியம், அதை மறித்தது தப்பு என்று தன் வாயால் சொல்ல வேண்டும். அதைச் சொல்ல வைக்காமல் விடப் போவதில்லை என்று அப்போதே முடிவு செய்தேன். வேறு எந்த முடிவையும் என் வாழ்க்கையில் நான் இவ்வளவு தெளிவாக எடுத்ததில்லை.

கேஸ் போட்டேன். வக்கீல் ரிச்சர்ட்ஸ் டவுனில் ஒரு பழைய வீட்டின் முன்னறையில் இருந்தார். பத்திரங்களைப் புரட்டிவிட்டு, “போட்டா பத்து வருஷம் ஆகலாம்மா. இருப்பீங்களா?” என்றார்.

“நான் இருப்பேன் சார். அவர் இருக்கணுமே, அதுதான் கவலை” என்றேன். வக்கீல் கண்ணாடியைக் கழற்றி என்னை நன்றாகப் பார்த்தார்.

அவர் சொன்னது கிட்டத்தட்ட சரிதான். ஒரு வாய்தாவுக்கு நீதிபதி இல்லை, ஒரு வாய்தாவுக்கு அங்கிளின் வக்கீலுக்கு வயிற்றுப்போக்கு. அளந்து பார்க்கக் கோர்ட் அனுப்பிய கமிஷனர் வந்த அன்று, சந்தில் ஒரு துளசிச் செடி வைக்கவும் இடம் இல்லாதபடி ரோஜாத் தொட்டிகள் அடுக்கியிருந்தன. அது அவருடைய தோட்டமாம். கூண்டில் ஏறிக் கடவுள் மேல் சத்தியம் செய்து அங்கிள் சொன்னார்: “சந்து என் சொந்த இடம். பாவம், போய் வரட்டும்னு தயவுக்கு விட்டேன். இவங்க அப்பாவே அதை ஒத்துக்கிட்டாரு.” செத்தவரைச் சாட்சிக்குக் கூப்பிட முடியாது என்ற தைரியம். பரவால்ல பிரதர் என்று அப்பா சொன்ன ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு இவ்வளவு பெரிய கயிறு திரித்தார்.

இதற்கிடையில் சபையில் இன்னொரு வழக்கு நடந்துகொண்டிருந்தது. எங்கள் சபையில் மாதத்தின் முதல் ஞாயிறு திருவிருந்து, அப்பமும் திராட்சை ரசமும். முந்தின வாரமே ஐயர், அதாவது எங்கள் போதகர், அறிவித்துவிடுவார்: ஒருவர்மேல் ஒருவர் மனக்கசப்பு உள்ளவர்கள் சமாதானம் பண்ணிக்கொண்டு வாருங்கள், இல்லாவிட்டால் அன்று எழுந்து வராதீர்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கும். நடைமுறையில் என்ன ஆகும் என்றால், யார் எழாமல் உட்கார்ந்திருக்கிறாரோ அவர்மேல்தான் தப்பு என்று சபை தீர்ப்பு எழுதிவிடும். எனவே கழுத்தை நெரித்துக்கொள்ளும் அளவுக்குச் சண்டை உள்ளவர்கள்கூட முதல் ஆளாக எழுந்து போவார்கள். அங்கிள் போனார். நானும் போனேன்.

அம்மா மட்டும் போகவில்லை. “எனக்கு மனசு ஆறல. ஆறாம எப்படிப் போறது?” என்று வருடக்கணக்கில் பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தாள். சபையில், “அந்தம்மா மேல ஏதோ இருக்கு, அதான் எழமாட்டேங்குது” என்று பேசிக்கொண்டார்கள். படியை நட்டவர் பரிசுத்தமாக முழங்கால் போடுவார்; புருஷனை நாற்காலியில் அனுப்பியவள் குற்றவாளி மாதிரி குனிந்திருப்பாள். இந்த அநியாயத்தைக் கோர்ட்டில் சேர்க்க வழியில்லை என்று வக்கீல் சொன்னார்.

நான் எனக்குத் தெரிந்ததைச் செய்தேன். பீடத்தின் முன் பெண்கள் இடப்பக்கம், ஆண்கள் வலப்பக்கம். பாத்திரம் பெண்களிடம் தொடங்கி ஆண்களுக்குப் போகும். அங்கிள் எந்த வரிசையில் எழுகிறார் என்று பார்த்துக்கொண்டு, பெண்கள் வரிசையின் கடைசியில் போய் முழங்கால் போடுவேன். ஆண்கள் வரிசையில் அவர்தான் முதல் ஆள்; நான் குடித்த பிறகு அடுத்த வாய் அவருடையது. ஐயர் விளிம்பைத் துணியால் துடைத்துக் கொடுப்பார். துடைத்தால் போய்விடுமா? ஒவ்வொரு முறையும் அவர் உதடு வைக்கும் முன் ஒரு கணம் தயங்குவதை ஓரக்கண்ணால் பார்ப்பேன். அந்த ஒரு கணத்துக்காகவே ஒரு மாதம் காத்திருக்கலாம்.

ஏழு வருடம் கழித்துத் தீர்ப்பு வந்தது. அங்கிளின் சொந்தப் பத்திரத்திலேயே நாலு எல்லை எழுதிய இடத்தில், மேற்கே பொது ஓணி என்று கன்னடத்தில் பளிச்சென்று இருந்தது. ஓணி என்றால் சந்து. அந்த ஒரு வரியை வாசிக்கக் கோர்ட்டுக்கு ஏழு வருடம். சந்து இருவருக்கும் பொது, படியை அகற்ற வேண்டும் என்று உத்தரவு. நான் ஸ்வீட் வாங்கித் தெரு முழுக்கக் கொடுத்தேன். அங்கிள் வீட்டுக்கும் கொடுத்தனுப்பினேன். பத்து நாளில் அவர் ஐகோர்ட்டில் அப்பீல் போட்டு ஸ்டே வாங்கிவிட்டார். படி அங்கேயே நின்றது. அந்த வருடம் அதற்குப் புதிதாகப் பச்சைப் பெயின்ட் வேறு அடித்தார்.

அதன் பிறகு அவருக்கு உடம்பு கெட்டது. சர்க்கரை. காலில் ஒரு புண் ஆறாமல் பெரிதாகி, காய்ச்சல் இறங்காமல், ஆஸ்பத்திரியில் ஒரு மாதம் வைத்துவிட்டு வீட்டுக்குக் கொண்டு போங்கள் என்று சொல்லிவிட்டார்கள். அவர் படுத்த அறையின் ஜன்னல் எங்கள் சந்தைப் பார்த்தது. போகும்போதும் வரும்போதும் முனகல் கேட்கும். எனக்குப் பாவமாக இருந்தது என்று எழுதினால் அது பொய்.

சாகக் கிடப்பவர்களுக்கு ஐயர் வீட்டுக்கே வந்து திருவிருந்து கொடுப்பார். அப்போது எங்கள் சபைக்குப் புதிதாக வந்திருந்த ஐயர் சின்ன வயசு, கண்டிப்பானவர். பின்வீட்டோடு சமாதானம் ஆகாமல் கொடுக்க முடியாது என்று அவர் சொல்லிவிட்டாராம். அங்கிளின் மனைவி, ஆன்ட்டி, அந்த இரண்டடிச் சந்தில் பக்கவாட்டில் நடந்து எங்கள் வாசலுக்கு வந்தார். அவர் குண்டு, கஷ்டப்பட்டுத்தான் வந்தார்.

“அவரு சாகக் கிடக்கறாரும்மா. ஒரு வார்த்தை வந்து சொல்லிடு” என்று அழுதார்.

“எங்கப்பாவும் செத்துத்தான் கிடந்தாரு ஆன்ட்டி. நீங்களும் இருந்தீங்களே” என்றேன்.

மறுநாள் ஐயர் என்னை அழைத்தார். போனேன். கட்டிலுக்குப் பக்கத்தில் வெள்ளைத் துணி விரித்து அப்பமும் ரசமும் வைத்திருந்தது. அங்கிள் பாதியாகியிருந்தார். என்னைப் பார்த்ததும் கையெடுத்துக் கும்பிட்டார். நான் ஒரு நொடி ஏமாந்தே போனேன். பிறகு அவர் வாயைத் திறந்தார்.

“நான் உன்ன மன்னிச்சிட்டேன்மா. கோர்ட்டுக்கு இழுத்தே, அலைய வெச்சே. எல்லாத்தையும் மன்னிச்சிட்டேன். ஐயரே, என் பக்கம் ஒண்ணும் இல்ல.”

இவர் என்னை மன்னிக்கிறாராம். ஐயரின் முகத்தில் நிம்மதி தெரிந்தது. அப்பத்தை எடுக்கக் கை போயிற்று.

“ஐயரே, நான் மன்னிக்கல” என்றேன். “அந்த ஜன்னல் வழியா பாருங்க, படி தெரியும். கோர்ட்டு எடுக்கச் சொல்லிச்சி. அதை எடுத்து, அப்பீலையும் வாபஸ் வாங்கட்டும். அன்னைக்கு வந்து சொல்றேன்.”

ஐயர் ஜன்னல் வழியாகப் பார்த்தார். பிறகு வெள்ளைத் துணியை மடித்தார். ஆன்ட்டி ஓவென்று அழுதார். நான் செருப்பை மாட்டிக்கொண்டு வந்துவிட்டேன்.

அந்த வாரமே வெல்டிங்காரர்கள் வந்தார்கள். மாடிக் குடித்தனக்காரர்களைக் காலி செய்ய வைத்துவிட்டு, படியை அறுத்தார்கள். நான் வேலைக்கு லீவு போட்டுவிட்டு எங்கள் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்தேன். அப்பீல் வாபஸ் மனுவில் அங்கிள் படுத்தபடியே கையெழுத்துப் போட்டார். சொன்ன வாக்குப்படி போனேன். ஐயர் முன்னால், “மன்னிச்சிட்டேன் அங்கிள்” என்றேன். சொன்னது வாய் மட்டும்தான். வழி வந்தாயிற்று; ஆனால் நான் கேட்டது வழி மட்டும் இல்லையே. மறித்தது தப்பு என்று அவர் வாயிலிருந்து ஒரு வார்த்தை வரவில்லை. சாகப் போகிறவரிடம் இனி என்ன வாங்குவது என்று விட்டேன். அவர் அப்பமும் ரசமும் வாங்கிக்கொண்டார்.

ஆனால் அவர் சாகவில்லை. காய்ச்சல் இறங்கியது, புண் ஆறியது. இரண்டே மாதத்தில் கைத்தடியோடு எழுந்துவிட்டார். டாக்டர் தினமும் நடக்கச் சொல்லியிருக்கிறார். எங்கே நடப்பது? தெருவில் வண்டிகள் இடிக்கும். எனவே காலையும் மாலையும் சந்தில் நடந்தார். எங்கள் வாசல் வரை வந்து, திரும்பி, மறுபடி வருவார். “ஸ்தோத்திரம்மா!” என்பார். நான் ஒன்றும் சொல்ல முடியாது. இருவருக்கும் பொது என்று தீர்ப்பு வாங்கியவளே நான்தான்.

பிறகு ஒரு முதல் ஞாயிறு, திருவிருந்துக்கு முன்னால், சுகம் பெற்றவர்கள் சாட்சி சொல்லலாம் என்று ஐயர் அழைத்தார். அங்கிள் கைத்தடியை ஊன்றி முன்னால் போய் மைக்கைப் பிடித்தார்.

“எனக்கும் பின்வீட்டு மகளுக்கும் ஒரு சின்ன மனஸ்தாபம். பிசாசு பூந்து பெருசு பண்ணிட்டான். சாகக் கிடந்தப்போ நானே முதல்ல இறங்கிப் போனேன். என்னோட படியையே எடுத்துக் கொடுத்துட்டேன். அந்த மகளும் மன்னிச்சிடுச்சி. அன்னைக்கு ராத்திரியே சுரம் விட்டுடுச்சி!”

சபை ஸ்தோத்திரம் என்றது. பலர் என்னைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள். சின்ன மனஸ்தாபம். என்னோட படி. எடுத்துக் கொடுத்தேன். அம்மா என் முந்தானையைப் பிடித்தாள். நான் எழுந்துவிட்டேன்.

“ஐயரே, அங்கிள் கொஞ்சம் விட்டுட்டாரு” என்றேன். என் குரலுக்கு மைக் வேண்டியிருக்கவில்லை. “எங்கப்பா பொணத்த நாற்காலியில கட்டித் தூக்கிக்கினு போனோம். இங்க இருக்கற பாதிப் பேர் பார்த்தீங்க. அந்த இடம் தன்னோடதுன்னு கோர்ட்டுல சத்தியம் பண்ணாரு. கோர்ட்டு இல்லன்னுச்சி, அப்பவும் எடுக்கல. திருவிருந்து கிடைக்காதுன்னதும் எடுத்தாரு. படிய எடுக்கறதுக்குத்தான் மன்னிச்சேன்னு சொன்னேன். மன்னிக்கல. இப்ப இங்கயே சொல்லட்டும், அந்தச் சந்து எங்களுக்கும் பாத்தியம், நான் மறிச்சது தப்புன்னு. இந்த நிமிஷமே மன்னிக்கறேன்.”

அங்கிள் மைக்கைப் பிடித்தபடி நின்றார். வாய் திறந்தது, மூடியது. சொல்லிவிடுவார் என்றுதான் நினைத்தேன். ஒரே வரிதானே.

“அது கோர்ட்டு விஷயம்மா” என்றார்.

ஐயர் மெதுவாக அவரிடமிருந்து மைக்கை வாங்கினார். அவரைக் கைத்தாங்கலாக இருக்கைக்கு அனுப்பினார். பெயர் எதுவும் சொல்லாமல், “சமாதானம் ஆகாதவங்க இன்னைக்கு உட்கார்ந்திருங்க” என்று அறிவித்தார். பாட்டு ஆரம்பித்தது.

வரிசை வரிசையாக எழுந்தார்கள். எங்கள் வரிசை வந்தபோது அம்மா எழுந்தாள். அப்பா போன பிறகு அவள் எழுந்தது அன்றுதான். “படி போச்சு, எனக்கு ஆறிடுச்சிடி. நீயும் வா” என்றாள். நான் முழங்காலை ஒதுக்கிக்கொண்டேன், அவள் தாண்டிப் போனாள். ஆண்கள் பக்கத்தில் அங்கிள் கைத்தடியை ஊன்றி எழப் பார்த்தார். சபை முழுக்க அந்தக் கைத்தடியையே பார்த்தது. அவர் உட்கார்ந்துவிட்டார். ஆன்ட்டி அவரைத் திரும்பிப் பார்க்காமல் தனியாக எழுந்து போனார்.

எல்லாரும் முன்னால் போய்விட்டார்கள். நடுவழிக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் நான். மற்ற பெஞ்சுகள் எல்லாம் காலி. யார்மேல் தப்பு என்று சபை எப்படித் தீர்ப்பு எழுதினாலும் அதில் அவர் பெயரும் இருக்கும். அவர் என்னைப் பார்த்தார். பசியோடு உட்கார்ந்தவன் முன்னால் இலையை எடுத்துவிட்டால் முகம் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது அவர் முகம். நான் கண்ணை எடுக்காமல், அவசரமே இல்லாமல், நன்றாகப் பார்த்துக்கொண்டேன். அன்று எனக்கும் பந்தியில் இடம் இல்லை. அவருக்கு இல்லாமல் போவதற்காக என் இடத்தை நானே விட்டேன். இன்னொரு முறை கேட்டாலும் விடுவேன்.